ஆவணப்படத்துக்குள் வரும் இயக்குநர்: ஒரு நீண்ட விவாதமும் பாலாற்றுத் தோல் வட்டாரமும்

பிறர் வாழ்க்கையைப் படமெடுக்கும் ஒருவர் தம்மையும் அந்தப் படத்துக்குள் காட்டிக்கொள்ள வேண்டுமா? காட்டிக்கொண்டால் அது நேர்மையா, தற்பெருமையா? விலகி நின்றால் அது அடக்கமா, பொறுப்பைத் தட்டிக்கழிப்பதா? நூறாண்டு கால ஆவணப்பட வரலாற்றில் இந்தக் கேள்விக்குப் பல விடைகள் சொல்லப்பட்டுவிட்டன. ஒவ்வொரு விடையும் அதன் காலத்துக் கருவிகளாலும் அரசியலாலும் உருவானது. ஒவ்வொன்றும் முந்தைய விடையின் குறையைத் தீர்க்கப் புறப்பட்டுத் தனக்கென ஒரு குறையைச் சேர்த்துக்கொண்டது.

அந்த விடைகளை வரிசையாகப் பரிசீலிப்பதே இக்கட்டுரையின் நோக்கம். உரைகல்லாக எடுத்துக்கொள்ளப்படுவது வேலூர், ஆம்பூர் தோல் தொழில் வட்டாரம். தமிழ்நாட்டிலும் இந்தியாவின் பிற பகுதிகளிலும் இலங்கையிலும் எடுக்கப்பட்ட சில படங்கள் முதன்மைச் சான்றுகள். உலகப் படங்கள் தேவையான அளவுக்கு மட்டும் வருகின்றன.

ஏன் இந்த வட்டாரம்?

வாணியம்பாடி, ஆம்பூர், பேரணாம்பட்டு, மேல்விஷாரம், ராணிப்பேட்டை எனப் பாலாற்றையும் அதன் துணையாறுகளையும் ஒட்டி நீளும் இந்த வட்டாரம் 2019 நவம்பர் வரை வேலூர் என்ற ஒரே மாவட்டத்துக்குள் இருந்தது. இன்று வேலூர், திருப்பத்தூர், ராணிப்பேட்டை என மூன்று மாவட்டங்களில் பரவிக் கிடக்கிறது. ஆவாரம்பட்டையும் கடுக்காயும் கொண்டு தோல் பதனிட்டது பழைய முறை. 1970களில், முழுமையாகப் பதனிடாத தோலின் ஏற்றுமதியை ஒன்றிய அரசு கட்டுப்படுத்திய பிறகு குரோம் பதனீடும், அதைத் தொடர்ந்து ஷூ கம்பெனிகளும் இங்கே பெருகின.

1996 ஆகஸ்ட் 28 அன்று, வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மாசுபடுத்தியவரே அதற்கான விலையைத் தர வேண்டும் என்ற கோட்பாட்டை இந்தியச் சட்டத்தில் உறுதிப்படுத்திய தீர்ப்புகளில் இது முக்கியமானது. தோல் தொழிற்சாலைகள் உள்ள பகுதியில் ஏறத்தாழ 35,000 ஹெக்டேர் விளைநிலம் பகுதியாகவோ முழுமையாகவோ சாகுபடிக்குத் தகுதியற்றுப் போனது என்ற ஆய்வு அதில் எடுத்துக்காட்டப்பட்டது. அதன் பின் அமைந்த ஆணையம் 2001-இல் 29,000-க்கும் மேற்பட்டோரை இழப்பீட்டுக்கு உரியவர்களாகக் கண்டது. வழக்கு அத்துடன் ஓயவில்லை. 2025 ஜனவரி 30 அன்று உச்ச நீதிமன்றம் இதே பகுதி குறித்து மீண்டும் விரிவான உத்தரவுகளைப் பிறப்பிக்க நேர்ந்தது.

இப்படிப்பட்ட இடத்தில் ஆவணப்படம் எடுக்க வருபவர் மூன்று சிக்கல்களைச் சந்திக்கிறார். முதலாவது, இங்குள்ள சேதத்தின் பெரும்பகுதி கண்ணுக்குத் தெரியாது. நிலத்தடி நீரின் உப்பையும் உடலில் சேரும் நச்சையும் நாற்றத்தையும் கேமரா நேரடியாகப் பிடிக்க முடியாது. இரண்டாவது, தொழிற்சாலைக் கதவு யாருக்கும் தானாகத் திறப்பதில்லை. உள்ளே போனவர் யாருடைய அனுமதியில் போனார் என்பது அவர் எடுத்த காட்சியின் பொருளையே மாற்றிவிடும். மூன்றாவது, பேசியவருக்கு வேலை போகலாம், எடுத்தவர் ஊர் திரும்பிவிடலாம். இயக்குநர் படத்துக்குள் தெரிய வேண்டுமா என்ற கேள்வி இந்த மூன்றோடும் பிணைந்தது. ஆகவே பொதுவாக விவாதிக்கும்போது நழுவிப்போகும் அதன் நுணுக்கங்கள் இங்கே கூர்மையாகத் தெரிகின்றன.

மறைந்து நிற்கும் மரபு

இயக்குநர் தெரியக் கூடாது என்ற நிலைப்பாட்டுக்கு இரண்டு வேர்கள் உண்டு. ஒன்று, விளக்க உரையை நம்பும் மரபு. படத்துக்கு மேலே, உடலற்ற ஒரு குரல் எல்லாம் அறிந்ததைப் போலப் பேசும். 1948-இல் தொடங்கப்பட்ட ஃபிலிம்ஸ் டிவிஷனின் படங்களைத் திரையரங்குகள் கட்டாயமாகத் திரையிட்டு வந்ததால், இந்தியாவில் பல தலைமுறைகளுக்கு ஆவணப்படம் என்றாலே அந்தக் குரல்தான். அது அரசின் குரல். அதற்குள் ‘நான்’ என்று சொல்ல அநேகமாக இடமில்லை. விதிவிலக்குகள் இருந்தன. எஸ்.என்.எஸ். சாஸ்திரி 1968-இல் எடுத்த ‘அண்ட் ஐ மேக் ஷார்ட் ஃபிலிம்ஸ்’ குறும்பட இயக்குநரின் தொழிலையே பரிசீலனைக்கு எடுத்துக்கொண்டது. ஆனால் அது மரபாக வளரவில்லை.

மற்றொரு வேர் 1960களின் அமெரிக்க நேரடி சினிமா. எடை குறைந்த கேமராவும் ஒலியை உடனுக்குடன் பதிவு செய்யும் கருவியும் வந்த பிறகு, எதையும் விளக்காமல், யாரையும் பேட்டி காணாமல், நடப்பதை நடப்பதாகவே காட்டலாம் என்ற நம்பிக்கை பிறந்தது. ஃபிரெடெரிக் வைஸ்மன் 1967-இல் எடுத்த ‘டிட்டிகட் ஃபாலீஸ்’ அதன் வலிமையான எடுத்துக்காட்டு. நிறுவனங்களின் அன்றாடத்தை, பார்வையாளர் தாமே தீர்ப்புச் சொல்லும்படி முன்வைப்பது அதன் பலம்.

தொழிற்பேட்டைகளைப் பற்றிய தமிழ் மொழிப் படங்களில் விலகி நிற்கும் முறைக்கு நல்ல சான்று சலம் பென்னூர்கர் 1990-இல் எடுத்த ‘குட்டி ஜப்பானின் குழந்தைகள்’. சிவகாசியின் தீப்பெட்டி, பட்டாசுத் தொழிலில் இருந்த குழந்தைகளே அதன் மையம். அங்கே இயக்குநரின் கதையைக் கேட்க வேண்டிய தேவை பார்வையாளருக்கு எழுவதில்லை.

இந்த நிலைப்பாட்டின் குறையும் தெரிந்ததே. கேமரா இருக்கும் இடத்தில் மனிதர்கள் கேமரா இல்லாததுபோல் நடந்துகொள்வதில்லை. எதை வெட்டுவது, எதை வைப்பது என்ற முடிவு இயக்குநருடையது. அதை மறைத்துவிட்டால் அவருடைய கருத்து உலகத்தின் கருத்தாகத் தோற்றம் கொள்கிறது. ஜே ரூபி 1977-இல் எழுதிய கட்டுரையில், படம் எப்படி உருவானது என்பதைக் காட்டுவது படைப்பாளியின் அறக்கடமை என்றே வாதிட்டார். பிரையன் வின்ஸ்டன் இன்னொரு புறத்திலிருந்து தாக்கினார். பிரிட்டிஷ் ஆவணப்பட முன்னோடி ஜான் கிரியர்சன் வழிவந்த சமூக ஆவணப்படம் உழைப்பவரைத் தொடர்ந்து பலியாளாகவே காட்டிப் பழகிவிட்டது, அவர் வாழ்வில் மாற்றம் எதுவும் வருவதில்லை என்பது அவருடைய குற்றச்சாட்டு. தோல் வட்டாரத்துக்கு இது நேராகப் பொருந்தும். சுண்ணாம்புக் குழியில் வெறுங்காலுடன் நிற்கும் ஒருவரின் படத்தை யார், எதற்காக, எத்தனையாவது முறையாக எடுக்கிறார்கள் என்பது படத்துக்கு வெளியே உள்ள விஷயமல்ல.

கேள்வி கேட்பவராக இயக்குநர்

இரண்டாவது விடை 1960-இன் கோடையில் பாரிஸில் படமாக்கப்பட்டு அடுத்த ஆண்டு வெளியான ‘ஒரு கோடையின் குறிப்பேடு’ படத்திலிருந்து புறப்படுகிறது. ஜான் ரூஷ், எட்கர் மோரன் இருவரும் அதில் மக்களோடு அமர்ந்து பேசினார்கள். எடுத்ததை அவர்களுக்கே போட்டுக் காட்டினார்கள். அவர்கள் சொன்ன குறைகளையும் படத்தில் சேர்த்தார்கள். கடைசியில் தங்கள் முயற்சி எவ்வளவு தூரம் வென்றது என்று இருவரும் நடந்தபடியே விவாதித்தார்கள். கேமரா உண்மையைக் கெடுப்பதில்லை, சில வேளைகளில் அதுதான் உண்மையைப் பேசத் தூண்டுகிறது என்பது அவர்களுடைய துணிபு.

இந்தியாவில் இந்த வழியின் அழுத்தமான வடிவத்தை ஆனந்த் பட்வர்தனிடம் காணலாம். மும்பைக் குடிசைகள் இடிக்கப்படுவதைப் பற்றிய ‘ஹமாரா ஷஹர்’ (1985) படத்தில், நடைபாதையில் வாழும் ஒரு பெண் இயக்குநரை நோக்கியே சீறுகிறார். ஏழைகளைப் படமெடுத்துப் பெயர் வாங்கிக்கொள்வதைத் தவிர உங்களால் என்ன ஆகும் என்பது அவர் கேள்வியின் சாரம். பட்வர்தன் அதை வெட்டவில்லை. இயக்குநரின் முகம் அங்கே தெரிய வேண்டிய அவசியமே இல்லை. அந்தக் கேள்வி அவரைப் படத்துக்குள் இழுத்துவந்து நிறுத்திவிடுகிறது.

தமிழில் அமுதன் ஆர்.பி.யின் படங்கள் இந்த மரபோடு உறவுடையவை. மதுரையில் மனிதக் கழிவை அள்ளும் ஒரு பெண்ணின் வேலையைப் பின்தொடரும் ‘பீ’ (2003) பரவலாகப் பேசப்பட்டது. தோல் வட்டாரத்தின் கேள்விகளுக்கு இன்னும் நெருங்கி வருவது, திருச்சியில் காலணி செய்யும் கிறித்தவ அருந்ததியரைப் பற்றி அவர் 2006-இல் எடுத்த ‘செருப்பு’. இப்படங்களில் இயக்குநர் தம்மைப் பற்றிப் பேசுவதில்லை. ஆனாலும் பேசுபவர் யாரோ ஒருவரிடம் பேசிக்கொண்டிருக்கிறார் என்பது தெளிவாகத் தெரிகிறது. கேட்பவர் இருக்கிறார் என்ற உணர்வே இங்கு இயக்குநரின் வருகை.

இதன் பலவீனம் அதிகாரச் சமமின்மை. கேட்பவரும் சொல்பவரும் சட்டகத்துக்குள் சமமாகத் தோன்றலாம். எடிட்டிங் மேசையில் ஒருவர்தான் உட்கார்ந்திருப்பார். தம்மைக் கண்டிக்கும் காட்சியை வைத்துக்கொள்வதும்கூட இயக்குநரின் தேர்வுதான். அந்தத் தேர்வு அவருடைய நேர்மைக்குச் சான்றாக மாறி, கண்டனத்தின் கூர்மையை மழுக்கிவிடும் வாய்ப்பும் உண்டு. பட்வர்தனின் விஷயத்தில் இந்த ஐயத்துக்கு ஓரளவு விடை தருவது படத்துக்குப் பிந்தைய வரலாறு. 1986-இல் மும்பையின் சஞ்சய் காந்தி நகர் குடிசைகள் இடிக்கப்பட்டபோது நடந்த உண்ணாவிரதத்தில் நடிகை ஷபானா ஆஸ்மியோடு அவரும் அமர்ந்தார். ‘ஜெய் பீம் காம்ரேட்’ (2011) படத்தில் இடம்பெற்ற கபீர் கலா மஞ்ச் கலைஞர்கள் மீது வழக்குகள் பாய்ந்தபோது, அவர்களுக்கான பாதுகாப்புக் குழுவில் இயங்கினார். திரைக்குள் எவ்வளவு நேரம் தோன்றினார் என்பதைக் காட்டிலும், திரைக்கு வெளியே எவ்வளவு காலம் நின்றார் என்பது இங்கே கூடுதல் எடை பெறுகிறது.

நாயகராகும் இயக்குநர்

மூன்றாவது விடையில் இயக்குநரே கதையை நகர்த்தும் பாத்திரம். மைக்கேல் மூர் ‘ரோஜர் அண்ட் மீ’ (1989) படத்தில், ஜெனரல் மோட்டார்ஸ் ஆலைகளை மூடியதால் சிதைந்த தம் சொந்த ஊரான ஃபிளின்ட் பற்றிப் பேச, அந்நிறுவனத் தலைவரைத் தேடி அலைகிறார். கதவு திறக்காததையே கதையாக்கியது இம்முறையின் கண்டுபிடிப்பு. நிறுவனம் பேச மறுத்தால் படம் நின்றுவிட வேண்டியதில்லை; அந்த மறுப்பே படம் ஆகிறது. காவலாளி தடுக்கும் ஷூ கம்பெனி வாசல்களைக் கொண்ட ஆம்பூருக்கு இது மிகவும் ஆசை காட்டும் வழி.

ஆனால் இங்குதான் சறுக்கலும் அதிகம். மூர் நிகழ்ச்சிகளின் கால வரிசையை மாற்றி அடுக்கினார் என்பதை விமர்சகர் ஹார்லன் ஜேக்கப்சன் அப்போதே சுட்டிக்காட்டினார். நாயகரின் பயணத்துக்கு ஏற்ப ஊரின் வரலாறு வளைக்கப்பட்டது என்பதே அந்த விமர்சனம். மார்கன் ஸ்பர்லாக்கின் ‘சூப்பர் சைஸ் மீ’ (2004) வேறு வகை எச்சரிக்கை. ஒரு மாதம் துரித உணவை மட்டும் உண்டு, தம் உடலையே சான்றாக வைத்த படம் அது. தம் நீண்டகாலக் குடிப்பழக்கத்தை அவர் 2017-இல் தாமே வெளியிட்டபோது, படத்தில் காட்டிய உடல்நலச் சரிவுக்கு உண்மையில் எது காரணம் என்ற ஐயம் எழுந்தது. இயக்குநரின் உடலே ஆதாரம் என்றால், அந்த உடலைப் பற்றிய எல்லாவற்றையும் அறியும் உரிமை பார்வையாளருக்கு வந்துவிடுகிறது.

தமிழில் இந்த வடிவம் ஆவணப்படத்தைவிடத் தொலைக்காட்சியிலும் யூடியூபிலும் பெருகியிருக்கிறது. ஆம்பூரையே எடுத்துக்கொண்டால், பிரியாணிக் கடையில் நின்று சுவைத்துப் பேசும் தொகுப்பாளரின் முகம் நமக்கு நன்கு பழக்கம். அந்த ஊரில் ஷூ தைக்கும் பெண்ணின் முகம் அவ்வளவு பழக்கமில்லை. முன்னால் வருபவரின் ஈர்ப்பு, பின்னால் இருக்கும் ஊரைச் சிறிதாக்கிவிடும் என்ற கவலைக்கு இதைவிட நெருக்கமான சான்று தேவையில்லை.

தம் இடத்தை ஒப்புக்கொள்ளும் இயக்குநர்

நான்காவது விடை பெண்ணியத்திலிருந்தும் மானிடவியல் தன்விமர்சனத்திலிருந்தும் வருகிறது. பிறரைப் பற்றிப் பேசும் முன், பேசுபவர் எங்கே நிற்கிறார் என்று சொல்லியாக வேண்டும் என்பது இதன் அடிப்படை. டிரின் டி. மின்-ஹா 1982-இல் எடுத்த ‘ரீஅசம்பிளாஜ்’ இந்தச் சிந்தனைக்கு ஒரு தொடக்கப் புள்ளி. பில் நிக்கல்ஸ் தம் 1991-ஆம் ஆண்டு நூலில் ஆவணப்பட முறைகளை வகைப்படுத்தியபோது, தன்னைத் தானே பரிசீலிக்கும் முறையைத் தனி வகையாகவே வைத்தார். இந்தியச் சூழலில் அஞ்சலி மொன்டேரோவும் கே.பி. ஜெயசங்கரும் எழுதிய ‘எ ஃபிளை இன் தி கரி’ என்னும் நூல், சுவரில் ஒட்டிய ஈபோல் யாருக்கும் தெரியாமல் பார்க்கும் படைப்பாளி என்ற கற்பனையைக் கேள்விக்கு உட்படுத்துகிறது.

நிஷ்டா ஜெயின் எடுத்த ‘லக்ஷ்மி அண்ட் மீ’ (2007) இதன் தெளிந்த வடிவம். தம் வீட்டில் வேலை செய்யும் இளம்பெண்ணைப் படமெடுக்கும் இயக்குநர், தம்மை வீட்டு எஜமானியாகவும் காட்டுகிறார். சம்பளம் கொடுப்பவரும் கேமரா பிடிப்பவரும் ஒருவரே என்ற உண்மை மறைக்கப்படவில்லை. அது மறைக்கப்பட்டிருந்தால் படத்தின் ஒவ்வொரு காட்சியையும் நாம் வேறு விதமாகப் புரிந்துகொண்டிருப்போம்.

ராகுல் ஜெயினின் ‘மெஷின்ஸ்’ (2016) தோல் வட்டாரத்துக்கு மேலும் பொருத்தமானது. குஜராத் ஜவுளி ஆலை ஒன்றின் உட்புறத்தை நீண்ட, அமைதியான காட்சிகளில் காட்டுகிறது அது. தம் தாத்தாவின் ஆலைக்குள் சிறுவயதில் திரிந்தவர் தாம் என்று இயக்குநர் பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். படத்திலோ அவர் முகம் இல்லை. ஆனால் ஆலைக்கு வெளியே திரண்ட தொழிலாளர்கள் கேமராவை நோக்கி, நீங்களும் வந்து பார்த்துவிட்டுப் போய்விடுவீர்கள் என்ற பொருளில் பேசும் இடம் மொத்தப் படத்தின் அழகையும் கேள்விக்குள்ளாக்குகிறது. முதலாளி வீட்டுப் பிள்ளை என்ற உறவு படத்துக்குள்ளேயே சொல்லப்பட்டிருக்க வேண்டுமா என்பது நியாயமான விவாதம். சொல்லியிருந்தால் ஆலைக்குள் கேமரா எப்படிப் புழங்கியது என்பதைப் பார்வையாளர் எடைபோட உதவியிருக்கும் என்று ஒரு தரப்பு வாதிடலாம். சொல்லியிருந்தால் தொழிலாளர்களின் படம் முதலாளி வீட்டுப் பிள்ளையின் மனச்சாட்சிப் படமாகத் திரிந்திருக்கும் என்று மறுதரப்பு சொல்லலாம். இரண்டிலும் உண்மை இருக்கிறது.

இந்த நிலைப்பாட்டுக்கு ஒரு பலவீனமும் உண்டு. ஒப்புதல் தானாகவே பாவவிமோசனம் ஆகிவிடும் ஆபத்து உண்டு. நான் மேல்தட்டு, மேல்சாதி என்று தொடக்கத்தில் சொல்லிவிட்டு, அதன் பின் எல்லாவற்றையும் பழையபடியே செய்யலாம். சொல்லப்பட்ட உண்மை படத்தின் போக்கை எங்காவது மாற்றியிருக்கிறதா என்பதைத்தான் பார்க்க வேண்டியிருக்கிறது.

உள்ளிருந்து எடுப்பவர்

ஐந்தாவது விடையில் இயக்குநர் வெளியிலிருந்து வருபவரல்லர். எடுக்கப்படும் வாழ்க்கை அவருடையது. தமிழர்களைப் பொறுத்தவரை இதன் கனமான எடுத்துக்காட்டு, 2017-இல் கான் விழாவில் திரையிடப்பட்ட ஜூட் ரட்ணத்தின் ‘டீமன்ஸ் இன் பாரடைஸ்’. இலங்கையில் 1983-இல் தமிழர் மீது நடந்த வன்முறையின்போது குழந்தையாகக் குடும்பத்தோடு ரயிலில் தப்பிய நினைவிலிருந்து தொடங்கி, தமிழ் ஆயுத இயக்கங்களுக்கு இடையிலான உள்மோதல்கள் வரை அவர் போகிறார். நாடு திரும்பும் அவருடைய மாமா படத்தின் மைய மனிதர்களில் ஒருவர். தம் இனத்துக்குள் நடந்ததைத் தம் குரலிலேயே சொல்வதால் படத்துக்கு ஒரு தார்மிக எடை கிடைக்கிறது. அதே காரணத்தால் எதிர்ப்பும் கிளம்பியது. 2018-இல் யாழ்ப்பாணத் திரைப்பட விழாவில் நடைபெறவிருந்த திரையிடல் கைவிடப்பட்டது. உள்ளிருந்து பேசும் ஒருவர் எல்லோருக்காகவும் பேசுகிறார் என்று கொள்ளப்படுவதும், அதனாலேயே அவரைத் துரோகி என்பதும் இந்நிலைப்பாட்டோடு ஒட்டிவரும் சுமைகள்.

சென்னையில் இயங்கும் ஆர்.வி. ரமணியின் ‘மை கேமரா அண்ட் சுனாமி’ (2011) வேறொரு வகை. 2004 டிசம்பர் 26 அன்று ஆழிப்பேரலையில் சிக்கிய இயக்குநர் உயிர் தப்பினார். அவருடைய கேமரா அழிந்தது. அந்தக் கேமராவோடு தமக்கிருந்த உறவை நினைவுகூரும் படம் இது. பேரழிவு பற்றிய பொதுச் செய்தியும் ஒரு கலைஞரின் தனி இழப்பும் எந்த அளவுக்கு ஒன்றாக நிற்க முடியும் என்ற கேள்வியை அது எழுப்புகிறது.

தலித் படைப்பாளிகள் கேமராவைக் கையில் எடுக்கும்போது இந்தக் கேள்வி இன்னொரு திருப்பம் கொள்கிறது. இதுவரை எடுக்கப்படும் பொருளாக மட்டும் இருந்தவர், எடுப்பவராக வந்து ‘நான்’ என்று சொல்வது, பழக்கப்பட்ட நடுத்தர வர்க்கத் தன்வரலாற்றோடு ஒன்றல்ல. ஜோதி நிஷாவின் ‘டாக்டர் பி.ஆர். அம்பேத்கர்: நவ் அண்ட் தென்’ இந்தப் பார்வையோடு எடுக்கப்பட்ட படம். தனிமனிதரின் ‘நான்’ இங்கே பன்மையாகவே கேட்கப்படுகிறது. தன்னிலை ஆவணப்படம் உறவுகளுக்குள்தான் உருவாகிறது என்று அலிசா லெபோ போன்ற ஆய்வாளர்கள் வலியுறுத்துவதும் இதனோடு பொருந்துகிறது.

குறைகள் இதற்கும் உண்டு. உள்ளிருப்பவர் என்பதாலேயே எல்லாம் தெரிந்தவர் ஆகிவிட முடியாது. படித்து வெளியூர் போய்க் கேமராவோடு திரும்பும் மகளுக்கும், தோல் ஷாப்பில் (தோல் பதனிடும் இடத்தில்) வேலை செய்யும் தகப்பனுக்கும் இடையே ஒரு தூரம் விழுந்திருக்கும். மேலும், உறவினர் தரும் சம்மதம் உண்மையில் மறுக்க முடியாத சம்மதமாக இருக்கலாம்.

நடித்துக் காட்டுபவர்

ஆறாவது விடையைத் தமிழில் முன்வைத்தவர் லீனா மணிமேகலை. இக்கட்டுரையின் வட்டாரத்துக்கு நேரடித் தொடர்புடைய படமும் அவருடையதே. அன்றைய வேலூர் மாவட்டத்தின் அரக்கோணம் அருகே மாங்காட்டுச்சேரியில், அருந்ததியர் சமூகத்தில் பெண் குழந்தைகளைத் தெய்வத்துக்கு நேர்ந்துவிடும் வழக்கத்தைப் பற்றியது ‘மாத்தம்மா’ (2003). தோலோடு வரலாற்றுப் பிணைப்புடைய ஒரு சமூகத்தின் பெண்களை, ஆவணமும் புனைவும் கலந்த வடிவில் அது அணுகியது.

‘செங்கடல்’ (2011) இன்னும் ஒரு படி போனது. தனுஷ்கோடி மீனவர்களையும் ஈழ அகதிகளையும் பற்றிய அந்தப் படத்தில், ஆவணப்படம் எடுக்க வரும் மணிமேகலை என்ற பாத்திரத்தில் இயக்குநரே நடித்தார். மீனவர்களும் அகதிகளும் தங்கள் வாழ்வைத் தாங்களே நடித்தார்கள். தணிக்கைக் குழு மறுத்த சான்றிதழை மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் அதே ஆண்டு வழங்கியது. படமெடுக்க வருபவரின் இயலாமையும் படத்தின் பொருளாகிவிடுவதால், எடுப்பவருக்கும் எடுக்கப்படுபவருக்கும் உள்ள உறவை விவாதிக்க அது இடம் தருகிறது. 2022-இல் கனடாவில் எடுத்த ‘காளி’யில் அவர் காளியாக வேடமிட்டு டொரோண்டோ வீதிகளில் நடந்தார். இயக்குநரின் உடல் அங்கே முழுமையாகவே படத்தின் பொருள். அதன் சுவரொட்டி பெரும் எதிர்ப்பைக் கிளப்பியது. பல மாநிலங்களில் வழக்குகள் பதிவாயின. 2023 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அவருக்கு இடைக்காலப் பாதுகாப்பு அளித்தது.

எல்லா ஆவணப்படமும் கேமராவுக்கும் உலகுக்கும் இடையிலான ஒரு நிகழ்த்துதல்தான் என்ற ஸ்டெல்லா ப்ரூஸியின் வாதம் இம்முறைக்குக் கோட்பாட்டுத் துணை. ஆனால் சான்று தேவைப்படும் இடத்தில் நடிப்பு எவ்வளவு தாங்கும் என்பது தீராத ஐயம். நீதிமன்றத்திலும் மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்திலும் நிலுவையில் இருக்கும் ஒரு மாசு விவகாரத்தில், நடித்துக் காட்டிய காட்சியை எதிர்த்தரப்பு எளிதாகத் தள்ளிவிடலாம்.

தோல் வட்டாரம் வைக்கும் சோதனை

இந்த ஆறு விடைகளையும் பாலாற்றங்கரையில் வைத்துப் பார்த்தால் சில விஷயங்கள் துலங்குகின்றன.

முதலில் நாற்றம். தோல் ஷாப்புக்குள் நுழையும் இயக்குநர் கைக்குட்டையால் மூக்கைப் பொத்திக்கொள்ளும் ஒரு காட்சி, கேமராவால் பிடிக்க முடியாததைப் பார்வையாளருக்கு உணர்த்திவிடும். திரைமொழி என்ற அளவில் அது பயனுள்ளது. ஆனால் இந்த ஊர்களில் நாற்றம் வெறும் வேதியியல் அல்ல. தோலைத் தொடுபவரைத் தள்ளிவைத்த சாதியின் அளவுகோலும் அதுவே. அங்கே எட்டு மணி நேரம் நிற்பவர் முன்னிலையில் மூக்கைப் பொத்தும் இயக்குநரின் உடல், தான் எதிர்க்க வந்த பழக்கத்தையே திரும்பச் செய்துவிடக்கூடும். இயக்குநரின் உடல் நடுநிலையான கருவி என்று நினைக்கும் எந்தக் கோட்பாடும் இங்கே தடுமாறும்.

அடுத்தது கதவு. தொழிற்சாலைக்குள் எடுத்த காட்சி என்றால், முதலாளியோ ஏற்றுமதி நிறுவனமோ தணிக்கைக்கு வரும் பிராண்டின் பிரதிநிதியோ அனுமதி தந்திருக்க வேண்டும்; இல்லையேல் அது ஒளித்து எடுத்ததாக இருக்க வேண்டும். இந்த இரண்டில் எது என்பதைச் சொல்லாத படம் பார்வையாளரிடம் ஒரு முக்கியச் செய்தியை மறைக்கிறது. இங்கு இயக்குநர் முகம் காட்ட வேண்டியதில்லை. எப்படி உள்ளே வந்தோம் என்று ஒரு வாக்கியம் போதும்.

மூன்றாவது வீடு. ஷூவின் அப்பர் பகுதியைக் கையால் தைத்து ஜோடிக்குச் சில ரூபாய் பெறும் பெண்கள் ஆம்பூரைச் சுற்றிய ஊர்களில் உண்டு. அவர்களுக்குத் தொழிற்சாலை வாசலும் இல்லை, அடையாள அட்டையும் இல்லை. அவர்களைத் தேடிப்போகும் இயக்குநர் இடைத்தரகர் வழியாகப் போனாரா, தொண்டு நிறுவனம் வழியாகப் போனாரா என்பது அவர்கள் சொல்லும் சொல்லையே தீர்மானிக்கும். இந்த உறவு தெரிய வேண்டியது.

நான்காவது, உள்ளூரார் என்ற எல்லை. 2015 ஜனவரி 31 அதிகாலையில் ராணிப்பேட்டை சிப்காட்டில் பொதுச் சுத்திகரிப்பு நிலையத்தின் கசடுத் தொட்டிச் சுவர் இடிந்து பத்துத் தொழிலாளர்கள் இறந்தார்கள். அவர்களில் பெரும்பாலோர் மேற்கு வங்கத்திலிருந்து வந்தவர்கள். ஆம்பூரில் பிறந்து வளர்ந்த படைப்பாளிகூட அவர்களுடைய வாழ்வுக்கு வெளியாள்தான். உள்ளிருந்து எடுப்பவர் என்ற தகுதி ஊரைப் பொறுத்ததா, சாதியைப் பொறுத்ததா, வேலையைப் பொறுத்ததா, மொழியைப் பொறுத்ததா என்பது இங்கே எளிதில் முடிவாகாது.

கடைசியாக விலை. கையால் மலம் அள்ளுவோரைப் பற்றிய ‘கக்கூஸ்’ (2017) படத்தை எடுத்த திவ்யபாரதி, படம் வெளியான பிறகு மிரட்டல்களைச் சந்தித்தார். அதே ஆண்டு ஜூலையில் பழைய வழக்கொன்றில் கைதாகிப் பிணையில் வந்தார். வெளிப்படையாக நிற்கும் இயக்குநர் தாக்குதலைத் தம்மீது வாங்கிக்கொள்ள நேர்கிறது. இது துயரமானது. ஆயினும் இதற்குள் இதுவரை போதுமான அளவு பேசப்படாத ஒரு வாய்ப்பும் தெரிகிறது. தொழிலாளியின் முகத்தையும் பெயரையும் மறைத்துவிட்டு, அவர் சொன்னதை இயக்குநர் தம் முகத்தோடும் பெயரோடும் முன்வைத்தால், அவருடைய வருகை ஒரு கவசமாகிறது. அதே வருகை எதிர்விளைவும் தரலாம். அறியப்பட்ட செயற்பாட்டாளர் ஒருவரோடு சட்டகத்தில் தோன்றியதே ஒரு தொழிலாளியை அடையாளம் காட்டிவிடலாம்.

மதிப்பீடும் மிஞ்சும் கேள்விகளும்

மேற்கண்ட நிலைப்பாடுகளில் எதுவும் மற்றவற்றை முழுதாக வென்றுவிடவில்லை. திரையில் தோன்றுவது நேர்மைக்குச் சான்றல்ல, தோன்றாமை நடுநிலைக்குச் சான்றல்ல என்ற அளவில் ஓர் ஒப்புதல் உருவாகியிருக்கிறது என்று சொல்லலாம். அதற்கு அப்பால், இரண்டு அளவுகோல்கள் பயன் தரும் என்று தோன்றுகிறது. இயக்குநரின் வருகை இல்லாவிட்டால், சான்றை எடைபோடத் தேவையான எந்த உறவு பார்வையாளருக்குத் தெரியாமல் போயிருக்கும் என்பது முதல் அளவுகோல். ‘லக்ஷ்மி அண்ட் மீ’ இதில் தெளிவாகத் தேறுகிறது. ‘மெஷின்ஸ்’ விவாதத்துக்கு உரியதாக நிற்கிறது. பேசியவர் சுமக்கும் ஆபத்தில் அந்த வருகை எதையாவது பங்கிட்டுக்கொண்டதா என்பது இரண்டாவது. இதைத் திரையை மட்டும் பார்த்து அளக்க முடியாது. பல ஆண்டுகள் கழித்து, பேசியவர்கள் எங்கே இருக்கிறார்கள், எடுத்தவர் எங்கே இருக்கிறார் என்று கேட்டுத்தான் அளக்க வேண்டும்.

திறந்தே இருக்கும் கேள்விகள் குறைந்தது மூன்று. முதலாவது, கைப்பேசி வந்த பிறகு தொழிலாளியே தம் வேலையிடத்தை எடுக்க முடியும் என்கிறபோது, இயக்குநர் என்ற தனி மனிதரின் ‘நான்’ எவ்வளவு காலம் விவாதத்தின் மையத்தில் இருக்கும் என்பது. கருவி கைக்கு வந்துவிட்டது. ஆனால் வேலையிடத்தில் படமெடுத்தவருக்கு வேலைப் பாதுகாப்பு வரவில்லை. இரண்டாவது, நீர், மண், உடல் ஆகியவற்றில் பல பத்தாண்டுகளாக ஊறும் சேதத்தை ஓர் இயக்குநரின் குறுகிய காலப் பயணத்தில் அடக்க முடியுமா, அல்லது ஒரே இடத்துக்குத் திரும்பத் திரும்ப வரும் படங்கள்தான் தேவையா என்பது. மூன்றாவது, சம்மதம் பற்றியது. ரூஷும் மோரனும் எடுத்ததைப் போட்டுக் காட்டி விமர்சனம் கேட்டார்கள். அந்த நடைமுறை வழக்கமாகவே ஆகவில்லை. பேசியவருக்கு, படம் முடிந்த பிறகும் தம் சொல்லைத் திரும்பப் பெறும் உரிமை உண்டா என்பதற்குச் சட்டத்திலும் தொழில் ஒழுக்கத்திலும் தெளிவான விடை இல்லை.

தோல் வட்டாரத்தின் நதி, நிலம், சட்டப் போராட்டம் பற்றித் தீர்ப்புகளும் ஆய்வறிக்கைகளும் பேசியிருக்கின்றன. தோல் தொழிலாளர் வாழ்வு வேறிடத்தில் நாவலாகவும் வந்திருக்கிறது; திண்டுக்கல் தோல் தொழிலாளர்களைப் பற்றி டி. செல்வராஜ் எழுதிய ‘தோல்’ 2012-இல் சாகித்திய அகாதமி விருது பெற்றது. பாலாற்றங்கரையிலும் அந்த அளவுக்கு ஆழமாக இறங்கும் ஆவணப்பட மரபு வளர வேண்டும். அது வளரும்போது, இயக்குநர் முன்னால் வருவதா பின்னால் நிற்பதா என்ற தேர்வை எந்தக் கோட்பாடும் முன்கூட்டியே முடித்துவைக்க முடியாது. அந்தத் தேர்வுக்கு ஒவ்வொரு படமும், முதலில் தன்னிடம் பேசியவர்களுக்கும் பிறகு பார்வையாளர்களுக்கும், காரணம் சொல்லக் கடமைப்பட்டிருக்கிறது.